பாட்டுக்கு அடியில் ஒரு சண்டை

1895-ல் லூயி லூமியேர் எடுத்த ஆரம்பகாலப் படங்களில் ஒன்று, அவருடைய அண்ணன் வீட்டுச் சாப்பாட்டு நேரம். ஒரு நிமிஷம்கூட ஓடாது. அண்ணன் ஒகுஸ்த் குழந்தைக்கு ஊட்டுகிறார். அண்ணி பக்கத்தில் உட்கார்ந்து ஆற அமரக் காபி குடிக்கிறார். எங்கள் பெரிய அத்தையிடம் காட்டினேன். “வீடியோக்காரன் சொல்லிக்குடுத்து எடுத்திருப்பான்” என்று உலக சினிமா விமர்சனத்தை ஒரே வரியில் முடித்துவிட்டார்.

அத்தைக்கு அனுபவம் உண்டு. களமருதூரில் எங்கள் வீட்டுக்குள் வீடியோ நுழைந்தது தொண்ணூறுகளில், சின்ன அத்தை கல்யாணத்தோடு. ஒருவர் தோளில் கேமரா, ஒருவர் கையில் லைட், பின்னால் ஒயரைச் சுருட்டிக்கொண்டு ஒரு பையன். வெளிச்சம் பட்டதும் பாட்டி, போட்டோ என்று நினைத்து மூச்சைப் பிடித்து நின்றார். பந்தியில் பாயசத்துக்குக் குரல் கொடுத்துக்கொண்டிருந்தவர்கள் திடீரென்று இலையைப் பார்த்து அடக்கமானார்கள். அம்மாவுக்கு முகமே இல்லை. சாம்பார் வாளியோடு போகும் முதுகுதான். “அந்தப் புடவை அப்போ புதுசு” என்பார் ஒவ்வொரு தடவையும்.

வி.எச்.எஸ். கேசட்டில் மாப்பிள்ளை ஆப்பிளுக்குள்ளிருந்து வருவார். அதெல்லாம் யாருக்கு வேண்டும்? மணமேடைக்குப் பின்னால், தூணோரம், பெரிய மாமாவும் சித்தப்பாவும் விரலை நீட்டி நீட்டிப் பேசுகிறார்களே, அதுதான் படம். ஆனால் கெட்டிமேளம் முடிந்ததும் ஸ்டுடியோக்காரர் சினிமா டூயட்டைப் போட்டுவிட்டார். மாமா வாயைத் திறந்தால் எஸ்.பி.பி. குரல். சித்தப்பா சீறினால் ஜானகி அம்மா.

அதனால் வாயசைவை வைத்து ஆராய்ச்சி. மொய் நோட்டுத் தகராறு என்பார் அப்பா. “எங்க வீட்டுக்காரர் பேரைப் பத்திரிகையில பொடி எழுத்துல போட்டாங்களே, அதுக்குத்தான்” என்பார் பெரிய அத்தை. வேனில் இடம் வைக்காததற்கு என்பார் சித்தி. அவரவர் மனக்குறை அவரவர் காதில் கேட்கிறது.

ஜப்பானின் ஃபூனாய் நிறுவனம் 2016-ல் வி.சி.ஆர். தயாரிப்பையே நிறுத்திவிட்டது. எங்கள் கேசட்டிலும் பூஞ்சை. துடைத்துப் பென் டிரைவில் ஏற்றினோம். பூஞ்சை போனது, பாட்டு போகவில்லை.

கடைசியில் மாமாவிடமும் சித்தப்பாவிடமுமே கேட்டேன். இன்று இருவரும் சம்பந்திகள். “சண்டையா? சும்மா பேசிக்கிட்டிருந்தோம்” என்று ஒரே குரலில் சாதித்தார்கள். பாட்டிதான் தீர்ப்புச் சொன்னார்: “பாட்டைப் போட்டானே புண்ணியவான், அவன் நல்லா இருக்கணும். இல்லேன்னா இந்தச் சம்பந்தம் நடந்திருக்குமா?”