சாய்வியல்: ஒரு முன்னாய்வு

பின்பால் வீடியோ கேமில் பந்து இடப்பக்கச் சந்தில் விழப்போகும் கணத்தில், ஆடுபவர் வலப்பக்கம் சாய்கிறார். தோள் சாய்கிறது, கழுத்து சாய்கிறது, சிலருக்கு நாக்கு நுனியும் சாய்கிறது. பந்து விழுகிறது. இச்சாய்வுக்கு இலக்கணம் வகுக்கப் புகுந்தோம்.

ஆய்வுக்குக் கொண்ட பனுவல், நின்டெண்டோ தன் ஃபேமிகாம் விளையாட்டுப் பெட்டிக்கு 1984இல் ஜப்பானில் வெளியிட்ட 'பின்பால்'. நிரல் எழுதியவர் ஹால் லேபரட்டரியின் சடோரு இவாட்டா. பின்னாளில் நின்டெண்டோவுக்கே தலைவரானவர். மேசை ஒன்று, திரை இரண்டு: பந்து மேல்பாதியிலிருந்து இறங்கியதும் காட்சி சட்டென்று கீழ்ப்பாதிக்கு மாறும். பந்தைத் தட்டியெழுப்பும் இரு ஃபிளிப்பர்களுக்கும் பொத்தான் உண்டு; மேசையை உலுக்கப் பொத்தான் இல்லை.

அற்றேல், பயனில்லாத இச்சாய்வு எங்கிருந்து வந்தது எனின், கூறுதும். நிஜமான பின்பால் மேசைகளுக்கு மின்விசை ஃபிளிப்பர் வாய்த்தது 1947இல், காட்லீப் நிறுவனத்தின் 'ஹம்ப்டி டம்ப்டி'யில்தான். அதற்குமுன் பந்தை எய்தவருக்கு இருந்த வழிகள் மேசையை இடிப்பது, உலுக்குவது, திட்டுவது. இடி அளவு மீறவே மேசைக்குள் ஓர் ஊசற்குண்டைத் தொங்கவிட்டார்கள். அது தன்னைச் சுற்றிய வளையத்தைத் தொட்டால் மின்சுற்று கூடும், 'டில்ட்' என்று விளக்கெரியும், ஃபிளிப்பர்கள் செத்துவிடும். அட்டாரி 2600இன் 'வீடியோ பின்பால்' உலுக்கலையும் தண்டனையையும் சேர்த்தே திரைக்குக் கொண்டுவந்தது. இவாட்டாவின் மேசை இரண்டையும் துறந்தது. துறந்த பிறகும் சாய்வு போகவில்லை.

ஒரு விதிவிலக்கு: போனஸ் கட்டத்தில் மாரியோ பலகையைத் தூக்கிக்கொண்டு இடவலமாக ஓடுவார். அங்கே சாய்வு குறைவு. ஓடுகிற வேலையை மாரியோ பார்த்துக்கொள்கிறார் அல்லவா!

இனித் தடையும் விடையும். சாய்ந்து என்ன பயன் என்பார்க்கு முதல் விடை: 1,00,000 புள்ளியை எட்டியதும் ஃபிளிப்பர்கள் கண்ணுக்குத் தெரியாமல் மறையும், 1,50,000 வந்தால்தான் மீண்டும் தெரியும். இடைப்பட்ட 50,000 புள்ளிக்கும் விரலின் பழக்கத்தை நம்பியே ஆடவேண்டும். தன்னுடையது என்று ஆடுபவர் கண்ணாரக் காண்பது தன் உடம்பு ஒன்றைத்தான். அதையும் சாய்க்காமல் வேறெதைச் சாய்ப்பார்?

இரண்டாம் விடை இதனினும் வலிது. ஃபேமிகாமின் கண்ட்ரோலர்கள் பெட்டியோடு நிரந்தரமாகப் பிணைக்கப்பட்டவை, வயரோ குட்டை. உணர்ச்சிவசப்பட்டுச் சாய்பவர் பெட்டியையே இழுக்கிறார். பெட்டி அதிர்ந்து கேசட் சற்றே பிசகினாலும் படம் உறைந்து நிற்கும். திரட்டிய புள்ளி அத்தனையும் போகும். ஆகவே இவ்விளையாட்டில் டில்ட் இல்லை என்ற கொள்கை பிழையென்க. நிரலில் இல்லாத தண்டனை வயரில் இருக்கிறது. ஊசற்குண்டு, ஆடுபவரேதான்.

பழைய ஃபேமிகாம் வைத்திருப்போருக்கு இவ்வாய்வின் ஒரே விண்ணப்பம்: தாராளமாகச் சாயுங்கள், அதற்குமுன் பெட்டியை மேசையிலிருந்து இறக்கித் தரையில் வைத்துவிடுங்கள்.