ஒத்தக் காதை மட்டும் குடு

மருமவனே, நீ பிராக் போறதா உங்கம்மா சொன்னா. வழிகாட்டிக்கு ஆளு யாரையும் அமத்தலியாம். போனுல ஒரு செயலியை இறக்கி, காதுல கருவியை மாட்டி, அது பேசப் பேச ஒத்தையில நடந்தே ஊரைப் பாக்கப் போறியாம். கேட்டதும் எனக்கு மனசு குளுந்துட்டு. உங்கப்பா ரத்தம் ஒரு சொட்டுகூட வீணாவாம உன் ஒடம்புல ஓடுது. ஆளுக்குச் சோறும் போடாம கூலியும் குடுக்காம, அவன் தொண்டையை மட்டும் கூட்டிட்டுப் போறது எல்லாருக்கும் வாய்க்கிற சாமர்த்தியமா?

குத்தமாச் சொல்லல. எம்மக புண்ணியத்துல நானும் அந்த ஊரை அப்படித்தான் பாத்தேன். அதுல உள்ள சுகம் எனக்கும் தெரியும். குடையைத் தூக்கிப் பிடிச்சிட்டு முன்னால ஓடுத ஆளு பின்னால கூட்டத்தோட கூட்டமா ஓட வேண்டாம். முட்டு வலிச்சா திண்டுல உக்காரலாம். காதுல பேசுதவ கோவிச்சிக்கிட மாட்டா. கல்யாணமான நாள்ல இருந்து நான் நிறுத்தச் சொன்ன இடத்துல நிறுத்துன பொம்பளை அவ ஒருத்திதான். இதைப் போயி உங்க அத்தைகிட்ட ஓதாத.

இந்த வித்தை புதுசுன்னும் நினைச்சிராத. 1952லயே ஆம்ஸ்டர்டாம்ல ஸ்டெடெலிக் அருங்காட்சியகத்துல விளக்கப் பேச்சை ரேடியோ அலையா அறைக்குள்ள விட்டு, வந்தவங்க காதுல கேக்க வச்சாங்க. எல்லாருக்கும் ஒரே நேரத்துல ஒரே பேச்சு. அதனால கூட்டம் மொத்தமும் ஒரே படத்தைப் பாத்துச்சு, ஒண்ணாத் தலையைத் திருப்பிச்சு, ஒண்ணா நகந்துச்சு. நிறுத்துத பொத்தான் அன்னிக்குப் பாக்க வந்தவன் கையில கிடையாது. உன் கையில இருக்கு. நீ குடுக்கப்போற துட்டே அந்தப் பொத்தானுக்குத்தான்னு வச்சிக்கோ. அதை அமுக்கக் கூச்சப்பட்டேன்னா நீ இன்னும் 1952லதான் நிக்க.

கிளம்புமுன்ன, விடுதியில வைஃபை இருக்கும்போதே பேச்சு முழுசையும் இறக்கி வச்சிரு. பவர் பேங்க் ஒண்ணு பையில கிடக்கட்டும். ஊருக்குப் போறதுக்குன்னு வாங்கி வச்சிருக்கியே வெள்ளை ஷூ, அதைப் போட்டு ஏர்போர்ட்டுல ஒரு படம் எடுத்துட்டு உள்ள வச்சிரு. பழைய பிராக்ல தரை பூரா சின்னச் சின்னக் கல்லு, பனங்கொட்டையை நெருக்கி அடுக்குன மாதிரி. தேய்ஞ்சு வழுவழுன்னு கிடக்கும். தூத்தல் விழுந்தா வழுக்கும். அடி தடிச்ச பழைய ஷூ போதும். உங்கப்பாகிட்ட கேளு, அவரு கல்யாணத்துக்குப் போட்டதே இன்னும் புதுசா இருக்கும்.

அடுத்தது காது. ரெண்டு காதையும் அவளுக்கே பட்டா போட்டுக் குடுத்துராத. வெளிச்சத்தம் ஒண்ணும் கேக்காம அடைச்சிருத கருவி வாங்கியிருக்கேன்னு பெருமையாச் சொன்னியாமே, அதை விமானத்துல மாட்டிக்கோ. பிராக்ல டிராமு ஓடுது. கோடு போட்ட இடத்துல நீ தெருவைக் கடந்தா கார்க்காரன் நின்னு வழி விடணும், அது சட்டம். டிராமுக்கு அந்தச் சட்டம் கிடையாது, நீதான் அதுக்கு நிக்கணும். அது மணி அடிக்கும். உன் காதுல அந்நேரம் நாலாம் சார்ல்ஸ் முடிசூடிக்கிட்டு இருப்பான். அவனே உசிரோட இருந்தாலும் டிராமு வந்தா ஒதுங்கித்தான் நிப்பான். அதனால ஒத்தக் காதை அவளுக்குக் குடு, இன்னொண்ணை ஊருக்கு வை. ஊருக்கு வச்ச காதுல ஓசியிலயே நல்ல சரக்கு வரும். கடைப் பின்வாசல்ல பீர் பீப்பாயை உருட்டுத சத்தம், ஒண்ணுக்கொண்ணு ஒத்துவராம அடிக்கிற கோயில் மணி, தெருவுல நிறுத்துன காருக்காக ரெண்டு கிழவனுங்க செக்கு மொழியில போடுத சண்டை. சண்டை எந்த மொழியில நடந்தாலும் நமக்குப் புரியும்.

இன்னொரு கூத்து உண்டு. நீ நிக்கிற இடத்தைச் செயற்கைக்கோள் வச்சுக் கண்டுபிடிச்சு அவ தானாப் பேச ஆரம்பிப்பா. சந்து குறுகல், ரெண்டு பக்கமும் உசந்த கல்லுக் கட்டடம். சிக்னல் சுவத்துல மோதித் திரும்புனதும் அவளுக்கு நிதானம் தப்பிரும். "இப்போது உங்கள் வலப்புறம் காண்பது பரோக் தேவாலயம்"னு பவ்யமாச் சொல்லுவா. வலப்புறம் பாத்தா முடிவெட்டுத கடை இருக்கும். நீயும் மரியாதையா தலையை ஆட்டிட்டு நிக்காத, பொத்தானை அமுக்கு.

பழைய நகரச் சதுக்கத்துக்குப் போனதும் நகர மண்டபச் சுவத்துல இருக்கிற வானியல் கடிகாரத்துக்கு முன்னால கொண்டு நிறுத்துவா. காலையில 9 மணியில இருந்து ராத்திரி 11 வரைக்கும் மணிக்கொருதரம் மேல ரெண்டு ஜன்னலு திறந்து, பன்னெண்டு அப்போஸ்தலர்களும் ஒவ்வொருத்தரா வந்து எட்டிப் பாத்துட்டுப் போவாங்க. பக்கத்துல எலும்புக்கூடு ஒண்ணு மணிக்கயித்தை இழுக்கும். கருமி ஒருத்தன் பணப்பையைப் பிடிச்சிட்டு ஆட்டுவான். அவனைப் பாத்ததும் உங்கப்பா ஞாபகம் வந்தா நான் பொறுப்பில்ல. கடைசியில ஒரு சேவலு கூவும், முடிஞ்சுது. ஒரு நிமிசம்கூட இருக்காது. அந்த ஒரு நிமிசத்துக்குக் கூட்டம் அரை மணி நேரமாப் போனைத் தூக்கிட்டு நிக்கும். நீ ஒருதரம் திரும்பி, அண்ணாந்து நிக்கிற அந்த மூஞ்சிகளைப் பாரு. அதைப் பாக்க டிக்கெட்டே வைக்கலாம்.

பொம்மைகளை விட்டுட்டுக் கீழ உள்ள வட்டத்தைப் பைய உத்துப் பாரு. ஓரத்துல பழைய கோதிக் எழுத்துல 1ல இருந்து 24 வரைக்கும் ஒரு வளையம் இருக்கும். அது பழைய போஹேமியக் கணக்கு. சூரியன் அடையும்போது 24. அங்ஙன இருந்து மறுநாள் எண்ண ஆரம்பிப்பாங்க. அடையுத நேரம் தினம் மாறுதுல்ல, அதனால வளையத்தையே நகத்தி வைப்பாங்க. அந்தக் கணக்கு தெரிஞ்சா, இருட்டுறதுக்கு இன்னும் எவ்வளவு நேரம் இருக்குன்னு வேலைக்காரன் ஒரு பார்வையில சொல்லிருவான். எனக்கு அப்போஸ்தலர்களை விட அந்த வளையத்தை ரொம்பப் பிடிச்சுது.

ஆனா காதுக்காரி அங்ஙன நேரத்தைச் செலவழிக்க மாட்டா. அவளுக்குக் கண்ணைக் குத்துத கதைதான் வேணும். ஹனுஷ்னு ஒரு ஆசாரி இதைச் செஞ்சானாம், வேற ஊருக்கும் இதே மாதிரி செஞ்சிருவானோன்னு நகரசபைக்காரங்க அவன் கண்ணைக் குத்திட்டாங்களாம். சொல்லும்போது பின்னால வயலின் வேற அழும். உள்ளது என்னன்னா, கடிகாரத்தை 1410ல செஞ்சவரு கடான் ஊரு மிக்குலாஷ். வானியல் கணக்கு போட்டதுல யான் ஷிண்டெல்ங்கிற பேராசிரியருக்குப் பங்கு உண்டு. யாரு கண்ணையும் யாரும் குத்தல. கதையைக் கேக்காதேன்னு சொல்லல, வயலின் வந்தா உஷாராயிரு. ஆதாரம் இளைக்க இளைக்க வயலின் கொழுக்கும்.

வயலினே வேண்டாத சேதி காலடியில கிடக்கும். அதே மண்டபத்துக்கு முன்னால தரையில 27 வெள்ளைச் சிலுவை பதிச்சிருக்கு. பேரரசரை எதுத்து வெள்ளைமலைச் சண்டையில தோத்த பொறவு, 1621 ஜூன் 21ஆம் தேதி, கிளர்ச்சித் தலைவங்க 27 பேரை அங்ஙன வச்சுக் கொன்னாங்க. பன்னெண்டு தலையைக் கொண்டுபோயிச் சார்ல்ஸ் பாலத்துக் கோபுரத்துல தொங்கவிட்டாங்க. பத்து வருசம் தொங்குச்சு. கடிகாரம் பாக்க வந்த கூட்டம் அந்தச் சிலுவை மேலதான் நின்னு அண்ணாந்து பாக்கும்.

எதுத்தாப்புல ரெட்டைக் கோபுரத்தோட டீன் தேவாலயம். உள்ள டைகோ பிராஹேயோட கல்லறை இருக்கு. பெரிய வானியல்காரரு. வாலிபத்துல கத்திச் சண்டையில மூக்கை இழந்தவரு, உலோக மூக்கு ஒட்டிக்கிட்டே திரிஞ்சாரு. பொன், வெள்ளின்னு ஊரு பேசிச்சு. 2010ல எலும்பைத் தோண்டி ஆராஞ்சப்ப பித்தளைன்னு தெரிஞ்சுது. அவரு சாவுதான் உனக்குப் பாடம். 1601ல ஒரு விருந்து. பந்தியில இருந்து எந்திரிச்சுப் போனா மரியாதை இல்லைன்னு ஒண்ணுக்கை அடக்கிக்கிட்டே இருந்தாரு. வீட்டுக்கு வந்தும் சரியாப் போகல. பத்து நாளைக்கிட்ட கிடந்து செத்தாரு. பாதரசம் வச்சுக் கொன்னுட்டாங்கன்னும் ஒரு பேச்சு இருந்துச்சு. எலும்பை ஆராஞ்சவங்க அதையும் இல்லைன்னுட்டாங்க. அதனால மருமவனே, சட்டைப்பையில கொருனா சில்லறை எப்பவும் இருக்கட்டும். பொதுக் கழிப்பறையில காசு கேப்பான். அதுக்குப் போயி உங்க வம்சப் புத்தியைக் காட்டிட்டு அடக்கி வைக்காத. நட்சத்திரத்தை எண்ணுன மூளைக்கே அந்தக் கதி.

யோசெஃபோவுங்கிற பழைய யூதர் பகுதிக்குச் சனிக்கிழமை போகாத, அருங்காட்சியகம் பூட்டியிருக்கும். அங்ஙன பின்காஸ் ஜெபக்கூடத்துக்குள்ள நுழையும்போது காதுல மாட்டுனதைக் கழத்தி வச்சிரு. நாஜிங்க கொன்ன போஹேமிய, மொராவிய யூதர்கள் சுமார் 78,000 பேரோட பேரைச் சுவத்துல கையால எழுதி வச்சிருக்கு. சுவரெல்லாம் பேரு. ஒரே குடும்பத்துப் பேரு வரிசையா ஓடும். விளக்கம் சொல்ல அங்ஙன யாரும் வேண்டாம்.

பொறவு சார்ல்ஸ் பாலம். அங்ஙன அவளுக்கு வாய் ஓயாது. 1357ல கால்கோள் நடந்தது வரைக்கும் சரி. அதுக்கு மேல ஒண்ணு சொல்லுவா பாரு: ஜோசியக்காரங்க குறிச்சுக் குடுத்த நேரமாம். 1357, 9ஆம் தேதி, 7ஆம் மாசம், 5 மணி 31 நிமிசம். சேத்துப் படிச்சா 1-3-5-7-9-7-5-3-1, ஏறி இறங்குது. கேக்க நல்லாத்தான் இருக்கு. மண்டபத்துக் கடிகாரமே 1410லதான் வந்துது, இன்னிக்கு வரைக்கும் அந்தப் பெரிய வட்டத்துல நிமிச முள்ளு கிடையாது. அந்த முப்பத்தோராவது நிமிசத்தை எவன் எதுல பாத்தான்? கேட்டா அவ பதில் சொல்ல மாட்டா. பதில் சொல்லாததுக்குத்தான் அவளுக்குத் துட்டு கம்மி.

முட்டைக் கதையும் வரும். சாந்துல சேக்க நாட்டுல உள்ள ஊருங்க எல்லாம் முட்டை அனுப்பணும்னு உத்தரவாம். வெல்வாரி ஊருக்காரன் வழியில உடஞ்சிரக் கூடாதேன்னு அத்தனையையும் அவிச்சு அனுப்பிட்டானாம். இதை நான் முழுசா நம்புதேன். அரசாங்க உத்தரவை இவ்வளவு பொறுப்பா நிறைவேத்த ஒரு ஆளு எல்லா நாட்டுலயும் இருப்பான்.

பாலத்துல நெபோமுக் யோவான் சிலை இருக்கும், தலையைச் சுத்தி அஞ்சு நட்சத்திரம். ராணியோட பாவசங்கீர்த்தனத்தை ராசா கேட்டும் சொல்லாததால ஆத்துல தள்ளிட்டாங்கன்னு அவ உருகுவா. 1393ல தள்ளுனது மெய்தான். வழக்கு வேற. கிளாட்ருபி மடத்துக்கு யாரு தலைவர்ங்கதுல ராசாவுக்கும் பேராயருக்கும் தகராறு. இவரு பேராயர் பக்கத்து அதிகாரி, அகப்பட்டுக்கிட்டாரு. பதவிச் சண்டையைச் சொன்னா யாரு உருகுவா? சிலைக்குக் கீழ வெண்கலப் பலகையில அவரு விழுத படத்தைத் தடவித் தடவி பளபளன்னு ஆக்கி வச்சிருக்காங்க. இன்னொரு பலகையில ஒரு நாயும் மின்னும். முன்னால நின்னவன் தடவுனான், பின்னால நின்னவனும் தடவுனான். நீ தடவாம வந்தா நம்ம வீட்டுப் பிள்ளைன்னு ஒத்துக்கிடுதேன்.

வழியெல்லாம் கம்பியில மாவைச் சுத்தி வாட்டிச் சீனியில புரட்டி விப்பான், டிர்டெல்னிக். "பழைய போஹேமியப் பலகாரம்"னு போர்டு இருக்கும். அதுல பேரெடுத்த ஊரு ஸ்லோவாக்கியாவுல உள்ள ஸ்கலிட்சா. பிராக்குக்கு வந்தது உன்னைப்போல வந்த கூட்டத்துக்காகத்தான். ருசியாத்தான் இருக்கு, தின்னு. சரித்திரம்னு நினைச்சுத் தின்னாத.

அவ கடைசி வரைக்கும் மூச்சு விடாத ஒரு ஆளை மாமன் சொல்லுதேன். கமில் சுவெலபில், 1927ல அந்தப் பிராக்லயே பொறந்தவரு. 1348ல தொடங்குன சார்ல்ஸ் பல்கலைக்கழகத்துல படிச்சவரு. சங்கப் பாட்டையும் சித்தர் பாட்டையும் நீலகிரி இருளர் பேச்சையும் கட்டி அழுத மனுசன். 1968ல சோவியத் டாங்கு ஊருக்குள்ள புகுந்த பொறவு நாட்டை விட்டுப் போயிட்டாரு. முருகன் பேரைத் தலைப்புல வச்சு அவரு எழுதுன தமிழ் இலக்கியப் புத்தகம் 1973ல வெளிநாட்டுல இருந்துதான் வந்துது. வென்செஸ்லாஸ் சதுக்கத்துல அந்த டாங்குகளைப் பத்தி அவ பேசும்போது, இவரையும் நீயே சேத்துக்கோ. அதுக்குச் செயலியில இடம் இல்ல, உன் ஒத்தக் காதுல இருக்கு.

சரி, போயிட்டு வா. வரும்போது காந்தம், சாவிக்கொத்துன்னு குப்பையை வாங்கியாராத. பெஹெரோவ்கான்னு பச்சைப் போத்தல் ஒண்ணு விக்கும். கார்லோவி வாரி ஊருல பெஹர்னு ஒரு மருந்துக்கடைக்காரரு 1807ல வயித்து மருந்துன்னு சொல்லி வித்தது. முப்பத்தெட்டு சதவீதம் சாராயம் இருக்கும், அதை விடு. அத்தை கேட்டா முதல் பாதியை மட்டும் சொல்லு.