பத்து நாளுக்கொரு பாக்கியம்

உழைப்பவன் மீது ஓர் அரசு எவ்வளவு பாசம் வைக்க முடியும் என்பதற்குப் புரட்சிக்கால பிரான்சை மிஞ்சிய சான்று கிடையாது. செருப்புத் தைப்பவர், தச்சர், கொல்லர், ரொட்டி சுடுபவர் என்று தொழிலுக்கொன்றாகப் பல தலைமுறைகளாக இருந்துவந்த கைவினைச் சங்கங்களை 1791-இல் அது ஒரே வீச்சில் கலைத்தது. கூலி உயர்வு கேட்டுத் தொழிலாளர்கள் ஒன்றுகூடுவதும் அதே ஆண்டு லெ ஷப்பலியே சட்டத்தால் குற்றமாயிற்று. சந்தா இல்லை, கூட்டம் இல்லை, தலைவர் பதவிக்கான அடிதடி இல்லை. என்ன நிம்மதி! சங்கம் போன பிறகு அவர்கள் கையில் மிச்சமிருந்தது விடுமுறைதான். பரிவுள்ள அரசு அதையும் கவனிக்காமல் விடுமா?

1793 அக்டோபர் 5-ஆம் தேதி புதிய நாட்காட்டிச் சட்டம் வந்தது. அதை வகுத்த குழுவின் தலைவர் ஷில்பேர் ரோம். கணக்குப் பார்க்க லக்ராஞ்ச், மோன்ஜ் போன்ற மேதைகள். மாதம் பன்னிரண்டு, ஒவ்வொன்றுக்கும் சரியாக 30 நாள். வாரம் என்கிற பழைய தொல்லை ஒழிந்து, மாதத்துக்கு மூன்று பத்துகள். பத்தாம் நாள் ஓய்வு. ஏழு என்பது எதிலும் வகுபடாமல் முரண்டு பிடிக்கிற எண். பத்தோ விரல்விட்டு எண்ணக்கூடியது. ஆண்டுக்கு 52 ஞாயிற்றுக்கிழமைகள் இருந்த இடத்தில் இப்போது 36 ஓய்வு நாள். ஆண்டுக் கடைசியில் மிஞ்சும் ஐந்து நாளும், மிகுநாள் ஆண்டானால் ஆறும், திருநாள். பத்துப் பதினோரு நாள் குறைகிறதே என்று முணுமுணுக்கும் கொத்தனார் லக்ராஞ்சிடமே போய்க் கேட்டுத் தெளிவு பெறலாமே.

சட்டம் 1793-இல் வந்தாலும் முதலாம் ஆண்டு 1792 செப்டம்பர் 22-லேயே தொடங்கிவிட்டதாக அறிவித்தார்கள். ஆக, முதலாம் ஆண்டின் மாதங்கள் பிறப்பதற்கு முன்பே முடிந்துபோயின. இவ்வளவு சுறுசுறுப்பான நாட்காட்டி உலகில் வேறெங்கும் உண்டா? இதனால் என்ன பயன் என்று கேட்டதற்கு, ஞாயிற்றுக்கிழமையை ஒழிப்பதற்குத்தான் என்று ரோம் சொன்னதாக அவருடைய சக உறுப்பினரான ஆயர் க்ரெகுவார் எழுதி வைத்திருக்கிறார். மனசில் பட்டதை மறைக்காமல் சொல்லும் அரசியல்வாதி அபூர்வம். பாராட்டத்தான் வேண்டும்.

பெயர் வைக்கும் வேலை ஃபாப்ர் தெக்லாந்தீன் என்ற கவிஞருக்குப் போயிற்று. புனிதர்களின் பெயர்களைத் துடைத்துவிட்டு பெரும்பாலான நாள்களுக்கு ஒரு செடி, கொடி அல்லது கனியின் பெயரை வைத்தார். ஐந்தில் முடியும் நாள்களுக்கு விலங்கு, பறவை. பத்தில் முடியும் நாள்களுக்குத் தொழிற்கருவி: கலப்பை, கோடரி, முறம், சல்லடை, பீப்பாய். அந்தப் பத்தாம் நாள்தானே ஓய்வு நாள்? கருவியைக் கீழே வைக்கிற ஒரே நாளில் கருவியின் பெயரைச் சொல்லி எழுப்பிவிடுவதற்குத் தனி மேதைமை வேண்டும். நாம் ஆண்டுக்கொரு ஆயுத பூஜையோடு திருப்திப்படுகிறவர்கள். அவர்களுக்கு 36 வந்தது, பொரிகடலைதான் இல்லை.

பழைய சங்கங்கள் தத்தம் காவல் புனிதரின் நாளில் பட்டறையை மூடி, ஊர்வலம் போய், விருந்துண்ணும். செருப்புத் தொழிலாளிகளின் புனித கிறிஸ்பின் திருநாள் அக்டோபர் 25. புதிய நாட்காட்டியின் இரண்டாம் ஆண்டில் அந்த நாளுக்கு வந்த பெயர் பீட்ரூட். தையற்பெண்கள் கொண்டாடிய புனித கத்தரீன் நாளான நவம்பர் 25-க்குப் பன்றி. கிறிஸ்துமஸுக்கு நாய். அதற்கு மூன்றாம் நாளுக்கு எரு. மண்ணை நம்பி வாழும் விவசாயிக்கு எருவைவிட உயர்ந்த புனிதர் உண்டா என்று கவிஞர் நினைத்திருக்கலாம். இரக்க மனம்.

கடிகாரத்தையும் சும்மா விடவில்லை. நாளுக்குப் பத்தே மணி, மணிக்கு நூறு நிமிடம். விடியலிலிருந்து அந்தி வரை பன்னிரண்டு மணி நேரம் உழைத்தவன் இனி ஐந்தே மணி நேரம் உழைத்தால் போதும். உடல்வலி அதேதான், ஆனால் கணக்கில் எவ்வளவு குறைந்துவிட்டது! நன்றி கெட்ட மக்கள் இந்தச் சலுகையைப் பயன்படுத்தவே இல்லை. கட்டாயமாக்கி ஏழு மாதம் ஆவதற்குள், 1795 ஏப்ரல் 7-ஆம் தேதி, பத்துமணிக் கடிகாரத்தை நிறுத்தி வைத்தார்கள். நாட்காட்டியில் அன்றைய பெயர் ஹெம்லாக், சாக்ரடீஸ் குடித்த நஞ்சுச் செடி.

மக்கள் ஞாயிற்றுக்கிழமையே நல்லாடை உடுத்திக்கொண்டிருந்ததால் 1798-இல் அரசு அன்பை இன்னும் கூட்டியது. பத்தாம் நாளில் கடையும் பட்டறையும் மூடியே ஆக வேண்டும். திருமணமும் அன்றுதான், வட்டத் தலைநகரில்தான். வந்தவர்களுக்குப் பொழுது போக வேண்டாமா? சட்டங்களை உரக்க வாசித்துக் காட்டினார்கள். மீன் சந்தை பழைய வெள்ளிக்கிழமை விரதத்தோடு ஒத்துப்போய்விடக் கூடாது என்றும் ஆணை பிறந்தது. மீனுக்குக்கூட மதச்சார்பின்மை கற்றுத்தந்த அரசு.

மாதப் பெயர்கள் எல்லாம் பாரிஸ் வானிலையைப் பார்த்து வைத்தவை. பனி மாதம், மழை மாதம், காற்று மாதம். மனிதகுலம் முழுமைக்குமான நாட்காட்டி என்பதால் கரீபியன் தீவில் கரும்பு வெட்டுகிறவனும் பனி மாதத்தில் வியர்வை சிந்தும் பேறு பெற்றான். புதுச்சேரித் தமிழருக்குத்தான் கொடுப்பினை இல்லை. 1793 ஆகஸ்டிலேயே ஆங்கிலேயர் ஊரைப் பிடித்துவிட்டார்கள். சட்டம் வந்தது அக்டோபரில். மார்கழியில் ‘பனி’ என்று பேருக்காவது ஒன்று வாய்த்திருக்கும்.

உருவாக்கியவர்களையும் நாட்காட்டி மறக்கவில்லை. ஃபாப்ரின் தலை கில்லட்டினில் விழுந்தது 1794 ஏப்ரல் 5, லெட்யூஸ் கீரையின் நாள். அப்போதைய ஆட்சித் தலைவர்களில் ஒருவரான ரோபஸ்பியருக்குப் பூவாளி நாள். அது பத்தாம் நாள், ஆக விடுமுறை. மறு ஆண்டு மரண தண்டனை விதிக்கப்பட்டதும் ரோம் தம்மைத் தாமே குத்திக்கொண்டார், பியோனி மலரின் நாளில். தாம் வைத்த பெயராலேயே தம் இறுதிநாள் குறிக்கப்படும் பெருமை எல்லாக் கவிஞர்களுக்கும் அமையாது.

1802-இல் அரசு ஊழியர்களுக்கு மட்டும் ஞாயிற்றுக்கிழமை திரும்பக் கிடைத்தது. யாருக்கு முதலில் ஓய்வு தேவை என்பது எந்த ஆட்சிக்கும் தெரியும். அந்தச் சட்டம் வந்ததும் ஹெம்லாக் நாளில்தான். பிறகு நெப்போலியன் 1806 ஜனவரி 1 முதல் நாட்காட்டியையே எடுத்துவிட்டார். அதன் கடைசி நாளான 1805 டிசம்பர் 31 ஒரு பத்தாம் நாள், கதிரடிக்கும் கோலின் பெயர் கொண்டது. யாருடைய கூலிக்கும் பங்கமில்லாமல் விடுமுறை நாளிலேயே விடைபெற்றுக்கொண்டது. மறுநாள் புதன்கிழமை. நான்கே நாளில் ஞாயிறு வந்துவிட்டது. அவ்வளவு சீக்கிரம் அடுத்த ஓய்வு கிடைத்தால் உழைப்பாளி கெட்டுப்போவானே என்று கவலைப்பட, பாவம், ரோம் அப்போது உயிரோடு இல்லை.