ஈயைப் பிடித்த வில்லன்

கேள்வி: பழைய கௌபாய் படங்களில் கதாநாயகனைத் தவிர வேறு யாரையாவது ரசித்திருக்கிறீர்களா?

பதில்: ஜாக் ஈலத்தை! சிறுவயதில் பென்சில் குத்தி அவருக்கு இடது கண் பார்வை போய்விட்டது. அதனால் திரையில் ஒரு கண் எதிரியை முறைக்கும், இன்னொன்று தன் பாட்டுக்கு எங்கோ பார்க்கும். எந்தப் பக்கம் சுடுவாரோ என்று நமக்கே பதறும்.

அரிசோனாக்காரர். ஹாலிவுட்டில் முதலில் பார்த்தது கணக்குத் தணிக்கையாளர் வேலை. கணக்குப் புத்தகமே கதியென்று கிடந்தால் இருக்கிற கண்ணும் போய்விடும் என்று டாக்டர் எச்சரித்ததால் நடிக்க வந்தார். கணக்குத் துறைக்கு நஷ்டம், நமக்குக் கொழுத்த லாபம். 'ஹை நூன்' (1952) படத்தில் ஊர்க் குடிகாரனாகச் சில நிமிடங்களே வருவார். ஆனாலும் நினைவில் நிற்பார்.

அவருடைய உச்சம் செர்ஜியோ லியோனியின் 'ஒன்ஸ் அபான் எ டைம் இன் தி வெஸ்ட்' (1968). ஆளரவமற்ற ரயில் நிலையம். கொலை செய்யக் காத்திருக்கும் மூவரில் ஒருவர். முகத்தில் ஓர் ஈ. கையை அசைக்கச் சோம்பல். உதட்டைக் கோணி ஊதுகிறார். கடைசியில் துப்பாக்கிக் குழலுக்குள் ஈயைச் சிறைப்பிடித்து, அதன் ரீங்காரத்தைக் காதில் வைத்துக் கேட்டுப் புன்னகைக்கிறார். வசனமே தேவைப்படவில்லை. ரயில் வந்து போனதும் சுடப்பட்டுச் சாகிறார். அவ்வளவுதான் வேடம்! முழுப் படத்துக்கும் நாயகனாக வந்து இதில் பாதிகூடச் செய்யாதவர்கள் எத்தனை பேர்!

மறு வருடமே 'சப்போர்ட் யுவர் லோக்கல் ஷெரிஃப்' படத்தில் ஜேம்ஸ் கார்னருக்கு உதவியாளராக வந்து வயிறு வலிக்கச் சிரிக்க வைத்தார். அதே கண்தான்!