கேட்டால் சொல்லும் கொம்பியூட்டர்

● லெப்டொப் அரைமணி நேரம் ஓடினாலே மந்தமாகிறது. வைரஸா மாமா? (இரக்குவானை)

வைரஸைத் திட்டுமுன் வெப்பத்தைப் பார். எச்டபிள்யூமொனிட்டர் இலவச மென்பொருள். திறந்து வைத்துக்கொண்டு வேலை செய். 100 பாகையை நெருங்கினால் சிப் தன்னைக் காத்துக்கொள்ளத் தானே வேகத்தைக் குறைக்கும். விசிறியில் அடைத்த தூசியை எடுத்தாலே பாதி வைரஸ் செத்துவிடும்!

● ‘ஒரு வருடம்தான் பாவித்தது’ என்று ஒருவர் லெப்டொப் விற்கிறார். நம்பலாமா? (காவத்தை)

ஆளை விடுங்கள், ஹார்ட் டிஸ்க்கைக் கேளுங்கள். கிறிஸ்டல்டிஸ்க்இன்போவில் ‘பவர் ஆன் அவர்ஸ்’ என்றொரு வரி உண்டு. அதில் 20,000 என்றிருந்தால் எழுந்து வந்துவிடுங்கள். இரவு பகலாக ஓடினாலும் வருடத்துக்கு 8,760 மணித்தியாலம்தான்.

● அதே மென்பொருள் ‘குட்’ என்று நீலம் காட்டியது. மறுவாரமே டிஸ்க் போய்விட்டது. பொய் சொல்லுமா? (தெரணியகலை)

பொய் சொல்லாது, எல்லாவற்றையும் சொல்லவும் சொல்லாது. கூகுள் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட டிஸ்க்குகளைக் கண்காணித்து 2007இல் முடிவை வெளியிட்டது. பழுதானவற்றில் 56 வீதம், முக்கியமான நான்கு எச்சரிக்கைகளில் ஒன்றைக்கூடக் காட்டாமலே போயிருந்தன.

அதற்காக எச்சரிக்கையை அலட்சியம் செய்யாதீர்கள். அதே ஆய்வில், முதல் ஸ்கேன் பிழை காட்டிய டிஸ்க் 60 நாளுக்குள் பழுதாகும் வாய்ப்பு, பிழை காட்டாததைவிட 39 மடங்கு! மஞ்சள் வந்தால் அன்றைக்கே பிள்ளைகளின் படங்களை வேறிடத்தில் பிரதி எடுங்கள். நீலம் என்றால்? அப்போதும் எடுங்கள்.

● அடிக்கடி நீலத்திரை. ரேம் மாற்றச் சொல்கிறார் கடைக்காரர். (கேகாலை)

மெம்டெஸ்ட்86ஐ பென் டிரைவில் ஏற்றி, அதிலிருந்தே கொம்பியூட்டரைத் தொடங்கி, இரவு முழுக்க ஓடவிடுங்கள். கிறிஸ் பிரேடி 1994இல் எழுதியது. இன்றும் அதுதான் நீதிபதி. ஒரேயொரு பிழை வந்தாலும் ரேமைக் கழற்றித் துடைத்து மாட்டி மறுபடி சோதியுங்கள். மீண்டும் வந்தால் கடைக்காரர் பக்கம் தீர்ப்பு. பிழையே இல்லையென்றால் பர்ஸை மூடுங்கள்.

● எங்கள் லயத்தில் கரண்ட் ஏறி இறங்குகிறது. எச்டபிள்யூமொனிட்டரோ 12 வோல்ட் சரி என்கிறது. (எட்டியாந்தோட்டை)

அது பார்ப்பது பெட்டிக்குள்ளே. அங்கே 11.4 முதல் 12.6 வரை சரிதான். சுவரில் வரவேண்டிய 230 வோல்ட் அதன் கண்ணுக்கு எட்டாது; அதற்கு மின்னியலாளரும் மல்டிமீற்றரும் வேண்டும். வயரிங் பழசென்றால் தோட்ட நிர்வாகத்துக்கு எழுத்தில் கொடுங்கள். கொம்பியூட்டரை விடுங்கள், அந்த வயருக்குக் கீழேதான் பிள்ளைகள் தூங்குகிறார்கள்.

● மின்னலைத் தடுக்க மென்பொருள் உண்டா? (பலாங்கொடை)

இல்லை. கை உண்டு. இடிக்கு முன்பே பிளக்கையும் ரவுட்டர் வயரையும் கழற்றுங்கள்.

● போலிக் கல்லை இரத்தினபுரியில் கண்டுபிடித்துவிடுவார்கள். மலிவாக வந்த 1 டெராபைட் பென் டிரைவை? (பெல்மதுளை)

எச்2டெஸ்ட்டபிள்யூ. ஜெர்மனியின் ‘சிட்டி’ கணினிச் சஞ்சிகைக்காரர்கள் தந்தது. டிரைவ் நிறைய எழுதி, எழுதியதைத் திரும்ப வாசித்துப் பார்க்கும். போலியென்றால் எழுதியதில் பெரும்பகுதி காணாமல் போயிருக்கும். முக்கியமானது எதையும் அதில் வைக்குமுன் சோதியுங்கள்.

● எங்கள் தோட்டப் பாடசாலையில் பாதி கொம்பியூட்டர்கள் மூலையில் கிடக்கின்றன. கழித்துவிடலாமா? (ஆசிரியை, தெஹியோவிட்டை)

பொறுங்கள் டீச்சர்! ஒன்றின் டிஸ்க் நன்றாக இருக்கும், இன்னொன்றின் ரேம் நன்றாக இருக்கும். அதிபரிடம் அனுமதி வாங்கி ஒவ்வொன்றாகச் சோதித்து, நல்லதை நல்லதோடு சேருங்கள். உயிரே வராத பெட்டியில் எந்த மென்பொருளும் ஓடாது. அங்கே பீப் சத்தத்தை எண்ணிக் கையேட்டோடு ஒப்பிட வேண்டும். மேலே சொன்ன மென்பொருள் சோதனைகளை ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளே செய்வார்கள். செய்ய விடுங்கள்.