கரியில் சுட்ட சீனிக்கிழங்கு

கேள்வி: சீனிக்கிழங்கை அவித்தாலே போதாதா? கிரில் அடுப்பு எதற்கு?

பதில்: கடலைமிட்டாய்க்கு 2020-ல் புவிசார் குறியீடு வாங்கிய கோவில்பட்டிக்காரர் இனிப்பு விஷயத்தில் 'போதும்' என்று சொல்லலாமா? கிழங்குக்குள் இருக்கும் நொதி, சுமார் 60 முதல் 75 டிகிரி சூட்டில்தான் மாவுச்சத்தை மால்டோஸ் சர்க்கரையாக்குகிறது. கொதிதண்ணீர் அந்தச் சூட்டைச் சீக்கிரம் தாண்டிவிடும்; நீறு பூத்த சீமைக்கருவேலங்கரி மெள்ளத்தான் ஏற்றும். ஈரம் வற்றி, தோலோரம் பாகு கசியும். பருத்திமார் வேண்டாம், பொசுக்கென்று எரிந்து அடங்கும். தோல் தீயும், நடு வேகாது. 'தோல் கருகுமே' என்பீர்கள். உரிக்கத்தானே போகிறீர்கள்? 'சுகர் இருக்கிறதே' என்பது மட்டும் நியாயமான ஆட்சேபம். சுட்டது, அவித்ததைவிட ரத்தச் சர்க்கரையை வேகமாக ஏற்றும். சுகர் உள்ளவர்களுக்கு அவித்ததே, அதுவும் அளவாக. மற்றவர்கள் கிழங்கை நறுக்காமல், கனலுக்கு ஓரமாக வைத்துத் திருப்பித் திருப்பிச் சுடுங்கள்.