ஆன்லைன் ஐடி மாற்றம்: சோனிக்கு ஒரு பணிவான விண்ணப்பம்

அனுப்புநர்:
ஆட்டக்காரர் ஒருவர்,
தமிழ்நாடு.

பெறுநர்:
பெயர் மாற்றத்துக்குப் பொறுப்பான உயர் அதிகாரி அவர்கள்,
சோனி இன்டராக்டிவ் என்டர்டெய்ன்மென்ட்,
சான் மத்தேயோ, கலிபோர்னியா.

பொருள்: பிளேஸ்டேஷன் நெட்வொர்க் – ஆன்லைன் ஐடி மாற்றம் – கட்டணம் வசூலித்தல் – பின்விளைவுகளை ஆட்டக்காரர் தலையில் கட்டுதல் – பாராட்டுத் தெரிவித்தல் – தொடர்பாக.

பார்வை: தங்களது ஏப்ரல் 2019 அறிவிப்பும், அதற்கு முந்தைய பன்னிரண்டு ஆண்டு மௌனமும்.

ஐயா / அம்மையீர்,

இது புகார்க் கடிதம் அல்ல. புகார் என்றால் அதற்குத் தனிப் படிவம் இருக்கும், தனி வரிசை இருக்கும், வரிசையின் முடிவில் மன்னிப்புக் கேட்கும் ரோபோ ஒன்றும் இருக்கும். பாராட்டுக்கு அப்படி எதுவும் இருப்பதாகத் தெரியவில்லை. ஆகவே பகிரங்கமாக எழுதுகிறேன்.

2006 நவம்பரில் பிளேஸ்டேஷன் 3 வந்தபோது கூடவே உங்கள் நெட்வொர்க்கும் வந்தது. உள்ளே நுழைய ஓர் ஆன்லைன் ஐடி வேண்டும். மூன்று முதல் பதினாறு எழுத்து வரை போகலாம். ஆங்கில எழுத்து, எண், இடைக்கோடு, அடிக்கோடு, அவ்வளவுதான். வைத்தது வைத்ததுதான், மாற்ற முடியாது. அன்று உலகத்தின் ஏதோ ஒரு மூலையில் பதின்மூன்று வயதுப் பையன் ஒருவன், அந்த வாரம் பார்த்த படத்தின் வில்லனையும் தனக்குப் பிடித்த துப்பாக்கியையும் சேர்த்து ஒரு பெயர் வைத்திருப்பான். அதை ஏற்கெனவே வேறொருவன் எடுத்துவிட்டதால் பின்னால் இரண்டு அடிக்கோடும் போட்டிருப்பான். மாற்றிக்கொள்ளலாம் என்று நீங்கள் அனுமதித்தது 2019 ஏப்ரலில். அதற்குள் அவனுக்கு இருபத்தைந்து வயது. குரல் உடைந்து, மீசை முளைத்து, வேலையும் கிடைத்துவிட்டது. ஐடி மட்டும் எட்டாம் வகுப்பைத் தாண்டவில்லை. ஒருவரின் விடலைப் பருவத்தை இத்தனை பத்திரமாகக் காத்துக் கொடுத்த அமைப்பு வேறு இல்லை. முதல் பாராட்டு இதற்கு.

அந்தக் காலத்திலும் வழியே இல்லை என்று சொல்லிவிட முடியாது. புதிதாக ஓர் அக்கவுண்ட் திறக்கலாம். காசு கொடுத்து வாங்கிய கேம்கள், சேர்த்த டிராஃபிகள், நண்பர் பட்டியல் எல்லாம் பழைய அக்கவுண்டிலேயே கிடக்கும். பெயர் மட்டும் புதிதாகக் கிடைக்கும். இருந்ததையெல்லாம் விட்டுவிட்டு வேறு பெயரோடு கிளம்புவதை எங்கள் பக்கம் சந்நியாசம் என்பார்கள். அதை ஒரு கேம் கன்சோலில் சாத்தியமாக்கியவர் நீங்கள்.

2011 ஏப்ரலில் யாரோ உங்கள் நெட்வொர்க்குக்குள் புகுந்தார்கள். சுமார் 7.7 கோடி அக்கவுண்ட்களின் விவரங்கள் அம்பலமாயின: பெயர், முகவரி, பிறந்த தேதி, மின்னஞ்சல் என்று எல்லாம். நெட்வொர்க் மூன்று வாரத்துக்கு மேல் மூடிக் கிடந்தது. மே மாதம் முதல் தேதி உங்கள் அன்றைய தலைவர் கஸுவோ ஹிராய் டோக்கியோவில் தலை குனிந்து மன்னிப்புக் கேட்டார். மீண்டும் திறந்தபோது கடவுச்சொல்லை எல்லோரும் கட்டாயம் மாற்ற வேண்டும் என்றீர்கள். நியாயம்தான். ஐடியை? அதை மட்டும் மாற்ற வழியில்லை. கொள்ளை போன வீட்டில் பூட்டை மாற்றச் சொல்லிவிட்டு, வாசலில் இருக்கும் பெயர்ப்பலகையைத் தொடக் கூடாது என்று சொன்ன அந்த உறுதி எல்லோருக்கும் வராது.

2017 டிசம்பரில் பிளேஸ்டேஷன் எக்ஸ்பீரியன்ஸ் விழாவின்போது உங்கள் அதிகாரி ஷான் லேடனிடம் பெயர் மாற்றத்தைப் பற்றிக் கேட்டார்கள். அடுத்த ஆண்டு விழாவில் இந்தப் பேச்சுக்கே அவசியம் இருக்காது என்ற பொருளில் நம்பிக்கையோடு பதில் சொன்னார். சொன்னது பலித்தது. அடுத்த ஆண்டு விழாவே நடக்கவில்லை. உள்ளதைச் சொல்ல வேண்டும்: 2018 அக்டோபரில் பெயர் மாற்றமும் வரப்போவதாக நீங்கள் அறிவித்துவிட்டீர்கள்.

இனி கட்டணத்துக்கு வருகிறேன். முதல் மாற்றம் இலவசம். அடுத்த மாற்றத்திலிருந்து 9.99 டாலர். பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா கட்டுபவருக்கு 4.99. இது எந்த வேலைக்கான கூலி என்று யோசித்துப் பார்த்தேன். உங்கள் போட்டியாளரான மைக்ரோசாஃப்ட்டும் எக்ஸ்பாக்ஸில் முதல் மாற்றத்தை விட்டுவிட்டு அதற்கு மேல் இதே 9.99 டாலரை வாங்குகிறது. அதே மைக்ரோசாஃப்ட்டின் கையில் இருக்கும் மைன்கிராஃப்ட்டின் ஜாவா பதிப்பில், 2015 முதல், முப்பது நாளைக்கு ஒருமுறை காசில்லாமல் பெயரை மாற்றிக்கொள்ளலாம். முதலாளி ஒருவர்தான், வேலையும் ஒன்றுதான். ஒரு கடையில் பத்து டாலர், பக்கத்துக் கடையில் இலவசம். எபிக் கேம்ஸில் இரண்டு வாரத்துக்கு ஒருமுறை இலவசம். ஸ்டீமில் காலையில் ஒரு பெயர், மாலையில் ஒரு பெயர் வைத்துக்கொண்டாலும் யாரும் பில் போடுவதில்லை. ஆகவே இது கூலி அல்ல. பெயர் யாருடையது என்பதை அவ்வப்போது நினைவூட்டுவதற்கான வாடகை.

மற்றவர்களுக்கு இது எப்படிக் கட்டுப்படியாகிறது என்று விசாரித்தால், அவர்கள் ஒரு சின்ன முன்யோசனை செய்திருக்கிறார்கள். ஸ்டீமில் ஒவ்வொரு அக்கவுண்டுக்கும் பதினேழு இலக்க எண் ஒன்று உண்டு. பெயர் அதன்மேல் ஒட்டிய சீட்டு மட்டுமே; கிழித்து வேறு ஒட்டினாலும் உள்ளே இருப்பது மாறாது. மைன்கிராஃப்ட் ஆரம்பத்தில் உங்களைப் போலத்தான், பெயரை வைத்தே ஆளை அடையாளம் கண்டுகொண்டிருந்தது. பெயர் மாற்றத்தைத் திறந்துவிடும் முன்பே ஆட்டக்காரர் ஒவ்வொருவருக்கும் மாறாத எண் ஒன்றைக் கொடுத்து, சர்வர் நடத்துபவர்கள் அந்த எண்ணுக்கு மாறிக்கொள்ள அவகாசமும் தந்தது. விட்டுப்போன பழைய பெயரை வேறொருவர் உடனே கவ்விக்கொள்ளாதபடி 37 நாள் நிறுத்தியும் வைக்கிறது.

உங்கள் வீட்டிலோ பெயரே சாவி. ஐடி ஒருநாளும் மாறாது என்ற உங்கள் வாக்கை நம்பி, பழைய கேம்கள் பலவற்றில் ஆட்டக்காரரின் கணக்குவழக்கு அந்தப் பெயரிலேயே எழுதப்பட்டது. பிறகு ஒருநாள் மாறலாம் என்றீர்கள். கேம்கள் திகைத்துவிட்டன. 2018 ஏப்ரல் 1 முதல் வெளிவந்த பிளேஸ்டேஷன் 4 கேம்கள் தாங்கும். அதற்கு முந்தையவை தாங்கலாம், தாங்காமலும் போகலாம். பிளேஸ்டேஷன் 3, வீட்டா கேம்களுக்கு உத்தரவாதம் இல்லை என்று நீங்களே எழுதினீர்கள். காசு கொடுத்து வாங்கிய கூடுதல் உள்ளடக்கம் போகலாம், கேமுக்குள் இருந்த பணம் போகலாம், சேவ் போகலாம், ரேங்க் போகலாம், டிராஃபிக்கான முன்னேற்றம் போகலாம் என்று பட்டியல் நீண்டது. கடைசியில் ஒரு வரி: பழைய ஐடி சில இடங்களில் அப்படியே தெரியலாம். அதாவது எது நிற்க வேண்டுமோ அது போகலாம்; எது போக வேண்டுமோ அது நிற்கலாம். இவ்வளவு நேர்மையான அறிவிப்பைப் படித்து நெகிழ்ந்துபோனேன்.

பெரிய சிக்கல் வரும் என்று நீங்கள் குறித்த கேம்களில் லிட்டில்பிக்பிளானட் 3 இருந்தது, எவ்ரிபடிஸ் கோல்ஃப் இருந்தது. இரண்டும் வெளியார் சரக்கு அல்ல, நீங்களே வெளியிட்டவை. அதிலும் அந்த கோல்ஃப் கேமின் பூர்வீகம் சுவையானது. வட அமெரிக்காவில் அந்த வரிசைக்குப் பல ஆண்டுகளாக ஹாட் ஷாட்ஸ் கோல்ஃப் என்று பெயர். 2017-ல்தான் அங்கும் எவ்ரிபடிஸ் கோல்ஃப் ஆனது. தன் பெயரை மாற்றிக்கொண்டு வந்த கேமுக்கு, ஆட்டக்காரர் பெயரை மாற்றினால் மட்டும் தாங்கவில்லை.

பரிகாரமும் நீங்களே சொன்னீர்கள். சிக்கல் வந்தால் பழைய ஐடிக்குத் திரும்பிவிடலாம். பெரும்பாலான கோளாறுகள் சரியாகிவிடும். திரும்புவதற்குக் கட்டணம் இல்லை. வெளியேறத்தான் காசு, பின்வாங்குவது இலவசம். இங்கே பெயர் மாற்றுவதென்றால் தமிழ்நாடு அரசிதழில் அறிவிப்பு வர வேண்டும். படிவம், சான்றொப்பம், கட்டணம், காத்திருப்பு எல்லாம் உண்டு, அலைச்சலுக்கும் குறைவில்லை. ஆனாலும் அரசிதழில் பெயர் மாறிய அன்று பத்தாம் வகுப்பு மதிப்பெண் பூஜ்யமானதாகவோ, சேமிப்புக் கணக்கிலிருந்த பணம் ஆவியானதாகவோ கேள்விப்பட்டதில்லை. பழைய பெயருக்கே திரும்புங்கள், மதிப்பெண் தானாக வந்துவிடும் என்று எந்த அலுவலரும் யோசனை சொன்னதில்லை. எங்கள் அலுவலகங்கள் உங்களிடம் பாடம் படிக்க வேண்டியிருக்கிறது.

பெயர் மாற்றத்தின்மேல் உங்களுக்குப் பொதுவான வெறுப்பு எதுவும் இல்லை என்பதையும் பதிவு செய்கிறேன். 1946-ல் தொடங்கியபோது உங்கள் தாய் நிறுவனத்தின் பெயர் டோக்கியோ சூஷின் கோக்யோ. 1958-ல் அது சோனி ஆனது. 2016 ஏப்ரல் 1 அன்று சோனி கம்ப்யூட்டர் என்டர்டெய்ன்மென்ட் என்ற பெயரை விட்டு இப்போதைய பெயரை நீங்கள் சூடினீர்கள். 2021 ஏப்ரல் 1 அன்று தாய் நிறுவனம் சோனி குரூப் கார்ப்பரேஷன் ஆனது. இரண்டும் ஏப்ரல் முதல் தேதி. ஜப்பானிலும் அதுதான் நிதியாண்டின் முதல் நாள் என்று தெரியும். வேறு எதுவும் நினைக்கவில்லை. பிளேஸ்டேஷன் நெட்வொர்க் அக்கவுண்டையே 2012-ல் சோனி என்டர்டெய்ன்மென்ட் நெட்வொர்க் அக்கவுண்ட் என்று மாற்றினீர்கள். 2015-ல் மீண்டும் பழைய பெயருக்கே வந்தீர்கள். ஆட்டக்காரர்களுக்குத் தடை இருந்த காலத்தில்தான் இவை பலவும் நடந்தன. எந்த மாற்றத்திலும் உங்கள் டிராஃபி எதுவும் தொலையவில்லை. 1958-க்கு முந்தைய லாபநஷ்டக் கணக்கு அழிந்துவிட்டதாகவும் தகவல் இல்லை.

விஷமிகள் ஒரு கேமில் அட்டூழியம் செய்துவிட்டு, பெயரை மாற்றிக்கொண்டு அடுத்த கேமில் நல்லபிள்ளையாக நுழைவார்கள் என்பது தடைக்குச் சொல்லப்பட்ட காரணங்களில் ஒன்று. விஷமிக்கு என்ன நஷ்டம்? புது அக்கவுண்ட் திறப்பது அன்றும் இன்றும் இலவசம். அவன் ஐந்து நிமிடத்தில் வேறு ஆளாகிவிடுவான். கட்டுண்டு கிடந்தவர் ஒரே அக்கவுண்டில் பத்து வருடம் ஒழுங்காக விளையாடியவர்தான். தடுக்கத்தான் வேண்டும் என்றால் ஸ்டீமைப் போல முன்பு வைத்திருந்த பெயர்களை ப்ரொஃபைலில் காட்டலாம். பத்து டாலர் கட்டணம் விஷமத்தைத் தடுக்காது. காசுள்ள விஷமிக்கு ரசீது மட்டும் கொடுக்கும்.

பகடியை ஒரு நிமிடம் ஓரமாக வைத்துவிட்டுப் பேசுகிறேன். பெயரை மாற்ற நினைப்பவர் எல்லோரும் பழைய குறும்புப் பெயருக்கு வெட்கப்படுபவர்கள் அல்ல. பாலின மாற்றத்துக்குப் பிறகு தன் பெயரைத் தானே தேர்ந்துகொண்டவர் இருக்கிறார். பெயரைப் பார்த்தே பெண் என்று தெரிந்துகொண்டு லாபியில் வசைபாடுபவர்களிடமிருந்து தப்ப நினைப்பவர் இருக்கிறார். விட்டுப் பிரிந்த துணையின் பெயரைத் தன் ஐடியில் சுமப்பவர் இருக்கிறார். சில இடங்களில் பழைய பெயர் தெரியலாம் என்ற வரியை உங்கள் பொறியாளர் ஒரு தொழில்நுட்பக் குறிப்பாக எழுதியிருப்பார். இவர்களில் யாராலும் அதை அப்படிப் படிக்க முடியாது.

எழுத்து எண்ணிக்கை பற்றியும் ஒரு வார்த்தை. மீனாட்சிசுந்தரம் என்ற பெயர் தமிழில் ஒன்பது எழுத்து. உங்களுக்காக ஆங்கில எழுத்தில் எழுதினால் பதினேழு. உங்கள் வரம்பு பதினாறு. மதுரைப் பக்கம் இந்தப் பெயர்க்காரர்கள் நிறைய உண்டு. யார் வீட்டில் எந்த எழுத்தை வெட்டுவது என்று நீங்களே தீர்ப்புச் சொல்லுங்கள்.

எனவே கீழ்க்கண்ட கோரிக்கைகளைப் பரிசீலிக்கும்படி வேண்டுகிறேன்:

1. கட்டணத்தை நீக்க மனமில்லை என்றால் கணக்கையாவது இருபக்கமும் நேராக்கவும். பெயர் மாற்றத்தால் ஆட்டக்காரர் எதை இழந்தாலும், ஒவ்வோர் இழப்புக்கும் நீங்கள் 9.99 டாலர் செலுத்தவும். பிளஸ் சந்தாதாரருக்கு 4.99 போதும்.

2. அடுத்த முறை நீங்கள் பெயர் மாற்றும்போது பழைய வருமானத்தில் ஒரு பகுதி தொலைந்துபோக ஏற்பாடு செய்யவும். பழைய பெயருக்குத் திரும்பினால் அதில் பெரும்பகுதி கிடைத்துவிடும் என்று பங்குதாரர்களுக்குத் தெரிவிக்கவும்.

3. உங்கள் சொந்த கேம்களை முதலில் சரிசெய்யவும்.

4. வரம்பைப் பதினேழு எழுத்தாக உயர்த்தவும்.

இத்தனையும் முடியாது என்றால் ஒன்றே ஒன்று செய்யுங்கள். ஸ்டீமைப் போல எங்கள் ஒவ்வொருவருக்கும் மாறாத எண் ஒன்றை வைத்துக்கொள்ளுங்கள். கணக்கு, சேவ், டிராஃபி, தண்டனை எதை வேண்டுமானாலும் அதன்மேல் எழுதிக்கொள்ளுங்கள். பெயரை எங்களிடம் விட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
எல்லா மீனாட்சிசுந்தரங்களின் சார்பாகவும்,
மீனாட்சிசுந்தர
(கடைசி எழுத்து இடமின்மையால் விடப்பட்டது)

நகல்: எவ்ரிபடிஸ் கோல்ஃப், முன்னாள் ஹாட் ஷாட்ஸ் கோல்ஃப் – அனுபவசாலி என்ற முறையில், தகவலுக்காக.